தூர் முதல் இணுக்கு வரை: செட்டிநாட்டு வீட்டுத் தோட்டத்தில் மரத்தை அறிந்து பேணும் வழி

பள்ளத்தூர்ப் பக்கம் எங்கள் வீட்டின் மூன்றாம் கட்டைத் தாண்டினால் கிணறு. கிணற்றை அடுத்து ஒரு வேம்பு. அதை நட்டது யார் என்பது அப்பத்தாவுக்கே தெரியாது. நான்கு ஆண்டுகளுக்கு முன் புரட்டாசியில், மழைக்காற்றுக்கு முன் அதன் பாரத்தைக் குறைக்க எண்ணினேன். சென்னையிலிருந்தபடியே மரம் வெட்டும் பெரியவர் ஒருவரை அழைத்து, "கிளைகளைக் கொஞ்சம் வெட்டிவிடுங்கள்" என்றேன். தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது வேம்பு மின்கம்பம் மாதிரி நின்றது. உச்சியில் இரண்டு முண்டங்கள், அவ்வளவுதான்.

கோபத்தோடு கேட்டேன். அவர் வெற்றிலையைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு, "தம்பி, நீங்கள் கிளை என்றுதானே சொன்னீர்கள்? கவையா, கொப்பா, போத்தா என்று ஒன்றும் சொல்லவில்லையே" என்றார். பதில் சொல்ல எனக்கு வாயில்லை. எனக்கு எல்லாமே கிளைதான். அவருக்கு ஒவ்வொன்றும் தனித்தனி உறுப்பு.

பூட்டிய வீட்டைத் திறந்து தோட்டத்தைத் திருத்த ஊருக்கு வருகிறவர்கள் இப்போது நிறையப் பேர். அவர்களில் பலரும் நான் செய்த தவறைத்தான் செய்யப்போகிறார்கள். அதனால் நான் கற்ற வரிசையிலேயே எழுதுகிறேன். கையில் அரிவாள் வேண்டாம். ஒரு நோட்டும் பென்சிலும் எடுத்துக்கொண்டு, தோட்டத்தில் உள்ள மூத்த மரத்தின் அடிக்குப் போங்கள்.

முதல் படி: தூரில் தொடங்குங்கள்

மரத்தை அண்ணாந்து பார்ப்பதுதான் நம் வழக்கம். முதலில் குனிந்து பாருங்கள். அடிமரம் மண்ணுக்குள் இறங்கும் இடத்துக்குத் தூர் என்று பெயர். நல்ல நிலையில் உள்ள மரத்தின் தூர், யானைக்கால் தரையில் ஊன்றியதுபோல அகன்று இறங்கும். கம்பத்தை நட்டதுபோல நேராக மண்ணுக்குள் போனால், யாரோ மண்ணையோ கட்டட இடிபாட்டையோ கொட்டித் தூரை மூடியிருக்கிறார்கள் என்று பொருள். பழைய வீடுகளைப் பழுதுபார்க்கும்போது இது அடிக்கடி நடக்கிறது. கழித்த சுண்ணாம்புக்காரையும் ஓட்டுச்சில்லும் நேரே வேப்பமரத்தடிக்குத்தான் போகும். களைக்கொத்தால் மெல்ல விலக்கி, தூர் விரியும் இடம் கண்ணுக்குத் தெரியும்வரை மண்ணை எடுங்கள்.

தூருக்குக் கீழே ஆணிவேர், பக்கவேர், சல்லிவேர். தண்ணீரையும் சத்தையும் பெரும்பாலும் உறிஞ்சுவது சல்லிவேர்தான். அது மண்ணின் மேல் ஒன்றிரண்டு அடிக்குள்ளேயே படர்ந்து, மரத்தின் நிழல் விளிம்பையும் தாண்டிப் போகும். அடிமரத்தை ஒட்டிக் குடம்குடமாக ஊற்றுகிற தண்ணீரில் பாதி வீண். நண்பகலில் நிழல் விழும் விளிம்பை ஒட்டி வட்டப்பாத்தி எடுத்து அதில் விடுங்கள். சருகு மூடாக்கும் அந்த வட்டத்துக்குத்தான். தூரிலிருந்து ஒரு சாண் இடைவெளி இருக்கட்டும். ஈரச் சருகு தூரை அணைத்துக் கிடந்தால் பட்டை அழுகும், கறையானும் ஏறும்.

ஊருணிக்கரை அரசமரத்துக்கும் கோயில் வேம்புக்கும் அன்போடு சிமெண்ட் மேடை கட்டுகிறோம். மேடை வேண்டாம் என்று சொல்ல எனக்குத் துணிவில்லை, அந்த மேடையில் உட்கார்ந்து நானும் எத்தனையோ மாலைகளைக் கழித்திருக்கிறேன். ஆனால் சிமெண்டைத் தூரோடு ஒட்டவிடாமல் இரண்டடியாவது மண்ணாக விடச் சொல்லுங்கள். மரம் பருக்கும். சிமெண்ட் பருக்காது.

இரண்டாம் படி: பட்டையும் வைரமும்

அடுத்து அடிமரத்தைத் தட்டிப் பாருங்கள். வெளியே பட்டை, அதையடுத்து வெளிறு, நடுவில் வைரம். வெளிறு என்பது நீர் ஏறும் வெளிர்நிறக் கட்டை. வைரம் முதிர்ந்து இறுகிய கருங்கட்டை, சேகு என்றும் சொல்வார்கள். இந்த வேறுபாட்டைக் கண்ணால் காண வேண்டுமானால் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுக்குப் போய்ப் பழைய மரச்சாமான் கடைகளில் ஒரு மணி நேரம் செலவிடுங்கள். இடித்த வீடுகளின் நிலைகளும் தூண்களும் அங்கே சாத்திக் கிடக்கும். பர்மாவிலிருந்து கப்பலில் வந்த தேக்கு அது. தூணின் தலைப்பக்கம் வெட்டுமுகத்தைப் பார்த்தால் வட்டம்வட்டமாக வளையங்கள் தெரியும். நூறாண்டு கழித்தும் அது உளுக்காமல் நிற்பதற்குக் காரணம், அன்றைய தச்சர்கள் வெளிற்றைச் செதுக்கித் தள்ளிவிட்டு வைரத்தை மட்டும் எடுத்தது. வண்டு தேடுவது மாவுச்சத்து. அது வெளிற்றில்தான் இருக்கிறது. தேக்கின் வைரத்தில் இயற்கையாகவே ஊறியிருக்கும் எண்ணெய் கறையானையும் அண்டவிடாது.

இது தச்சனுக்குரிய செய்தி போலத் தெரியும். மரம் வளர்ப்பவனுக்கும் இதில் வேலை இருக்கிறது. உயிரோட்டம் பட்டைக்கு அடியிலும் வெளிற்றிலும்தான் நடக்கிறது, வைரம் உயிரற்ற கட்டை. அதனால்தான் உள்ளே பொந்து விழுந்த புளியமரம் ஆண்டுதோறும் கொத்துக்கொத்தாய்க் காய்க்கிறது. பொந்தைக் கண்டு பதறிச் சிமெண்ட் அடைக்காதீர்கள். அடைத்த சிமெண்டுக்குப் பின்னால் ஈரம் தங்கி உள்ளே இன்னும் அழுகும், காற்றில் மரம் அசையும்போது அது கட்டையை உரசவும் செய்யும். கவலைப்பட வேண்டியது பட்டைக்கு. துணி காயவைக்க மரத்தைச் சுற்றிக் கட்டிய கம்பி, சில ஆண்டுகளில் பட்டைக்குள் புதைந்து மரத்தின் கழுத்தை நெரித்துவிடும். பட்டையைச் சுற்றி வளையமாக உரித்தால் எவ்வளவு பெரிய மரமும் பட்டுப்போகும்.

'பட்டுப்போகும்' என்ற சொல்லையும் நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள். பட்ட மரம் என்கிறோமே ஒழிய, செத்த மரம் என்று ஊரில் யாரும் சொல்வதில்லை. உளுத்தது வேறு, இற்றது வேறு, செல்லரித்தது வேறு. உளுத்துப்போவது வண்டால். இற்றுப்போவது காலத்தாலும் ஈரத்தாலும். செல்லரிப்பது கறையானால். மூன்றுக்கும் வைத்தியம் வெவ்வேறு என்பதால், 'மரம் கெட்டுவிட்டது' என்று பொதுவாகச் சொல்வதால் யாருக்கும் பயனில்லை.

மூன்றாம் படி: கவையிலிருந்து இணுக்குக்கு

என் மானம் போன இடம் இதுதான், கொஞ்சம் நின்று பார்ப்போம்.

பத்தாம் வகுப்புத் தமிழ்ப் பாடத்தில் தேவநேயப் பாவாணரின் கட்டுரை ஒன்று இருக்கிறது. தேர்வுக்காக என் மகள் அதைச் சத்தமாகப் படித்துக்கொண்டிருந்தபோதுதான், பெரியவர் சொன்ன சொற்கள் அங்கே வரிசையாக நிற்பதைக் கேட்டேன். அடிமரத்திலிருந்து முதலில் பிரிவது கவை. கவையிலிருந்து கொம்பு, அல்லது கொப்பு. கொப்பிலிருந்து கிளை. கிளையிலிருந்து சினை. சினையிலிருந்து போத்து. போத்திலிருந்து குச்சு. கடைசியாக, இரண்டு இலையோடு விரலில் கிள்ள வருவது இணுக்கு. ஏழு நிலை. மகள் அதை மதிப்பெண்ணுக்காக மனப்பாடம் செய்தாள். நான் அதை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனேன்.

ஊர்ப் பேச்சு இந்த வரிசைக்கு அப்படியே கட்டுப்படாது. எங்கள் பக்கம் கொப்பு என்ற சொல்லே பாதி வேலையைச் செய்துவிடும். கவை பிரியும் இடத்தைக் கவட்டை என்பார்கள். போத்து என்றால் புதிதாய் வெடித்துக் கிளம்பும் இளங்கிளை, நடுவதற்கு வெட்டிய துண்டுக்கும் அதே பெயர். முருங்கைப் போத்து, பூவரசம் போத்து, வேலிக்குக் கிளுவைப் போத்து. ஆகவே வேலைக்கு வருகிறவரிடம் பேசுமுன் மரத்தில் கைவைத்துக் காட்டி, "இதை நீங்கள் என்னவென்று சொல்வீர்கள்?" என்று கேளுங்கள். அவர் சொல்லும் சொல்லையே நீங்களும் பிடித்துக்கொள்ளுங்கள். புத்தகச் சொல்லை அவர்மேல் திணிக்க வேண்டாம்.

இந்த ஏழு நிலையையும் மனத்தில் வைத்துக்கொண்டு வினைச்சொற்களைக் கவனியுங்கள். இணுக்கைக் கிள்ளுகிறோம். குச்சை ஒடிக்கிறோம். போத்தை அரிகிறோம். கொப்பை வெட்டுகிறோம். கவையை அறுக்கிறோம். மரத்தையே வீழ்த்தினால் தறிக்கிறோம். நகம், விரல், கத்தரி, அரிவாள், ரம்பம், கோடரி என்று கருவியும் கூடவே வந்துவிடுகிறது. தோட்டக்கலைத் துறையில் கவாத்து என்கிறார்கள், ஊரில் கழித்துவிடுவது என்கிறார்கள். எந்தப் பெயரில் செய்தாலும் விதி ஒன்று: நகத்தால் முடிகிற காலத்தில் செய்துவிட்டால் ரம்பத்துக்கு வேலை இருக்காது. முருங்கைச் செடி இரண்டரை அடி வந்ததும் தலைக்கொழுந்தைக் கிள்ளினால் பக்கத்தில் கிளைத்துக் கைக்கெட்டும் உயரத்தில் காய்க்கும். கறிவேப்பிலைக்கும் அப்படியே, மூன்றடியில் கிள்ளி ஐந்தாறு கிளை மட்டும் விடுங்கள். கிள்ளாமல் விட்ட முருங்கை மாடிக்கு மேலே போய்க் காய்க்கும். அதில் ஏற ஆசைப்படாதீர்கள், முருங்கைக் கொப்பு யாரையும் தாங்காது.

கொப்பு அல்லது கவையை எடுத்தே தீர வேண்டும் என்ற நிலை வந்தால், மூன்று வெட்டு. ஒரே வெட்டில் மேலிருந்து அறுத்தால், பாதியில் கொப்பு தன் பாரத்தால் முறிந்து அடிமரத்துப் பட்டையை நீளமாக உரித்துக்கொண்டு விழும். முதல் வெட்டு, அடிமரத்திலிருந்து ஓரடி தள்ளி, கீழ்ப்பக்கத்திலிருந்து மேல்நோக்கி, கனத்தில் மூன்றில் ஒரு பங்கு. இரண்டாவது வெட்டு, அதற்கு நாலைந்து விரல் வெளியே, மேலிருந்து கீழ்நோக்கி. கொப்பு சுத்தமாக விழுந்துவிடும். மிச்சமிருக்கும் முண்டை அறுப்பது மூன்றாவது வெட்டு.

அந்த மூன்றாவது வெட்டு எங்கே விழ வேண்டும் என்பதில்தான் மரத்தின் ஆயுள் இருக்கிறது. கிளை அடிமரத்தோடு சேரும் இடத்தைத் தடவிப் பாருங்கள். சட்டைக் கழுத்துப்பட்டி மாதிரி ஒரு மடிப்பு தடித்து வளைந்திருக்கும். அந்த மடிப்பைத் தொடாமல், அதற்கு வெளியே ஒட்டினாற்போல் அறுங்கள். அடிமரத்தோடு மட்டமாகச் சீவினால் மடிப்புப் போய்விடும், காயம் பெரிதாகும். முழ நீளத்துக்கு முண்டை விட்டால் அது பட்டு, உளுத்து, அழுகலை உள்ளே கொண்டுபோகும். அமெரிக்க மரநோய் ஆய்வாளர் அலெக்ஸ் ஷிகோ ஆயிரக்கணக்கான மரங்களை நெடுக்காக அறுத்துப் பார்த்துச் சொன்னது இது: நம் தோல் போல மரம் தன் காயத்தை ஆற்றிக்கொள்வதில்லை. கெட்ட பகுதியை உள்ளேயே சுவர் எழுப்பி அடைத்துவிட்டு, அதைச் சுற்றிப் புதிதாக வளர்கிறது. அந்த அடைப்பு வேலை நடப்பது மடிப்பில். வெட்டுவாயில் தார் பூசுவதாலும் பெயின்ட் அடிப்பதாலும் அழுகல் நிற்பதில்லை என்பதும் அவர் காட்டியதுதான். மாமரத்துக்கு மட்டும் வெட்டியவுடன் போர்டோ பசை தடவும் வழக்கம் இருக்கிறது. ஒரு கிலோ மயில்துத்தம், ஒரு கிலோ சுண்ணாம்பு, பத்து லிட்டர் தண்ணீர். அது பூஞ்சைக்கு எதிரான மருந்து, அலங்காரப் பூச்சு இல்லை.

ஒரு பருவத்தில் பச்சையில் கால்பங்குக்கு மேல் கழிக்காதீர்கள். மாவை அறுப்பு முடிந்து ஆடி, ஆவணியில் கழிக்கலாம். வேம்பை நான் தைக் கடைசியில் வைத்துக்கொள்கிறேன். மாசியில் இலை உதிர்த்துப் பங்குனியில் துளிர்க்கும் முன் வெட்டுவாய் காய்ந்துவிடும். அரிவாளை வைக்குமுன் கூடு இருக்கிறதா என்றும் அண்ணாந்து பாருங்கள். சிவகங்கை மாவட்டத் திருப்பத்தூர்ப் பக்கம் வேட்டங்குடியில், கண்மாய்க்குள் நிற்கும் கருவேல மரங்களில் கூடு கட்டும் பறவைகளுக்காக ஊரே தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை. 1977இல் அது சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. நம் வேம்பில் இருக்கிற ஒரு காக்கைக் கூட்டுக்காக ஒரு மாதம் காத்திருப்பது பெரிய காரியமில்லை.

என் மொட்டை வேம்புக்கு வருகிறேன். அடுத்த பங்குனியில் முண்டத்தைச் சுற்றி நாற்பது, ஐம்பது போத்துகள் துடைப்பக்கட்டை போலக் கிளம்பின. முதல் ஆண்டு அவற்றைத் தொடவில்லை, இலைதானே மரத்துக்குச் சோறு. இரண்டாம் ஆண்டில் விலகி நின்ற நல்ல போத்துகளாக ஒவ்வொரு முண்டத்திலும் இரண்டை மட்டும் குறித்துக்கொண்டு, மற்றவற்றில் பாதியைக் களைந்தேன். மீதியை மூன்றாம் ஆண்டில். இப்படிக் கிளம்பும் போத்துகளின் பிடிப்பு மேலோட்டமானது. உள்கட்டையிலிருந்து பிறந்த கவையின் உறுதி அதற்கு எந்நாளும் வராது. அதனால் அந்த வேம்பின் கீழே இனி நான் கட்டில் போடப்போவதில்லை.

நான்காம் படி: அண்ணாந்து, இலையைப் படியுங்கள்

கொழுந்து, துளிர், தளிர், இலை, பழுப்பு, சருகு. இது ஓர் இலையின் வாழ்நாள். அரசமரத்தில் பங்குனித் தளிர் செம்புத் தகடு போல மினுங்குவதைக் காணாத கண் என்ன கண். ஆனால் மரத்தைப் பேணுகிறவன் கேட்க வேண்டிய கேள்வி, எது எந்த மாதத்தில் காய்கிறது என்பது.

கடந்த சில ஆண்டுகளாகத் தமிழ்நாட்டில் பல மாவட்டங்களில் வேப்பமரங்கள் ஐப்பசியிலிருந்து தைக்குள் நெருப்புப் பட்டதுபோலக் கருகுகின்றன. எங்கள் தெருவில் ஒருவர் மரம் பட்டுவிட்டது என்று முடிவுகட்டித் தறித்தேவிட்டார். போய்ப் பார்த்திருந்தால், காய்ந்தது இணுக்கும் குச்சும் மட்டும்தான் என்று தெரிந்திருக்கும். இது நுனிக்கருகல், ஃபோமாப்சிஸ் என்ற பூஞ்சையின் வேலை. தேயிலைக் கொசு என்ற சாறுறிஞ்சும் பூச்சியும் இதே மாதிரிக் கருகலை உண்டாக்கும். பெரும்பாலான மரங்கள் மாசி, பங்குனியில் மீண்டும் துளிர்த்துவிடுகின்றன. சோதனை எளியது. குச்சை ஒடித்துப் பாருங்கள், பிறகு போத்தில் நகத்தால் கீறுங்கள், பிறகு கொப்பில். எந்த நிலையில் பட்டைக்கு அடியில் பச்சை தெரிகிறதோ, அதற்குக் கீழே மரம் உயிரோடு இருக்கிறது. 'இணுக்கு காய்ந்திருக்கிறது, சினை பச்சை' என்று வேளாண் அலுவலரிடம் சொன்னால் அவருக்குப் பாதி நோய் புரிந்துவிடும். காய்ந்தவற்றுக்கும் தனிப் பெயர்கள் உண்டு. காய்ந்த குச்சு சுள்ளி, காய்ந்த சிறுகிளை விறகு, கவையும் அடியும் காய்ந்தால் கட்டை. அடுப்பெரித்த தலைமுறைக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை.

பூவும் காயும் சுருக்கமாக. அரும்பு, போது, மலர், வீ, செம்மல் என்று பூவுக்கு ஐந்து நிலை. மாவில் இளங்காய் வடு, பலாவில் மூசு, தென்னையிலும் பனையிலும் குரும்பை, வாழையில் கச்சல். சூட்டினால் பிஞ்சிலேயே பழுத்தால் வெம்பல். மாமரத்தில் வடு நிறைய உதிர்ந்தால் கலங்க வேண்டாம், தாங்கக்கூடியதை வைத்துக்கொண்டு மீதியை மரமே தள்ளிவிடும். உதிர்வது காயாக இருந்தால்தான் பாத்தியில் ஈரம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

ஐந்தாம் படி: மரமல்லாத மரங்கள்

தோட்டத்து மூலையில் நிற்கும் பனையிடம் போங்கள். இவ்வளவு நேரம் பழகிய சொற்கள் எல்லாம் இங்கே செல்லாது. கவை இல்லை, கொப்பு இல்லை, போத்து இல்லை. பனைக்கு இலை என்றுகூடச் சொல்வதில்லை, ஓலை. தொல்காப்பியத்தின் மரபியல் இதைத் தெளிவாகப் பிரித்து வைத்திருக்கிறது: உள்ளே வைரம் கொண்டவை மரம், வெளியே வைரம் கொண்டவை புல். ஓலை, மடல், ஈர்க்கு, பாளை, குலை ஆகியவை புல்லுக்குரிய சொற்கள். தளிர், கோடு, சினை, அரும்பு ஆகியவை மரத்துக்குரியவை. பனையும் தென்னையும் மூங்கிலும் அந்தக் கணக்கில் புல். இன்றைய தாவரவியலும் மூங்கிலைப் புற்குடும்பத்தில் வைக்கிறது, பனையையும் தென்னையையும் ஒருவித்திலைத் தாவரங்கள் என்கிறது. வாழையில் நாம் தண்டு என்று தழுவிக்கொள்வதும் இலைமட்டைகளின் சுருட்டல்தான்.

இது ஏட்டுச் செய்தி மட்டுமாக இருந்தால் வழிகாட்டியில் சேர்த்திருக்கமாட்டேன். வேம்பில் ஆணி அடித்தால் சில ஆண்டுகளில் பட்டை மூடிக்கொள்ளும். தென்னையில் அடித்த வெட்டு, தென்னை உள்ளவரை திறந்தே கிடக்கும். காயத்தை மூடி வளர்க்கும் அந்த உயிர்ப்படலம் தென்னைக்கும் பனைக்கும் கிடையாது. ஏறுவதற்காக அரிவாளால் படிவெட்டுகிற பழக்கத்தை அதனால்தான் விட வேண்டும். அந்த வெட்டிலிருந்து கசியும் சாற்று வாடைக்குச் சிவப்புக் கூன்வண்டு வந்துவிடும். இன்னொன்று, வேம்பின் உச்சியை வெட்டினாலும் அது பிழைக்கும், பனைக்கு இருப்பது ஒரே குருத்து. குருத்துப் போனால் பனை போயிற்று. தென்னையின் குருத்தைத் துளைக்கும் காண்டாமிருக வண்டுக்கு, வேப்பங்கொட்டைத் தூள் ஒரு பங்கும் மணல் இரண்டு பங்கும் கலந்து, மரத்துக்கு 150 கிராம் அளவில் நடுக்குருத்தை ஒட்டிய மூன்று மட்டைகளின் இடுக்கில் போடுங்கள்.

பனைச் சொற்களைக் கற்க எங்கள் ஊரில் கொட்டான் என்கிற ஓலைக்கூடை முடைபவர்களை விடச் சிறந்த ஆசிரியர் இல்லை. புவிசார் குறியீடு பெற்ற செட்டிநாட்டுக் கொட்டான், கல்யாணச் சீரில் ஒரு காலத்தில் ஆச்சிமார் கையாலேயே முடைந்து அடுக்கிவைக்கப்பட்டது. அதற்கு வேண்டியது குருத்தோலை, விரியாத வெளிர்மஞ்சள் ஓலை. நடுவயது ஓலை சாரோலை. முற்றிக் காய்ந்து தொங்குவது காவோலை. காவோலை விழக் குருத்தோலை சிரித்ததாம் என்பது பழமொழி. மட்டையின் ஓரத்துப் பல் கருக்கு. ஓலையின் நரம்பு ஈர்க்கு. இளம்பனை வடலி. தென்னங்கன்று என்று நாங்கள் சொல்வதில்லை, தென்னம்பிள்ளை. மாங்கன்று, புளியங்கன்று, தென்னம்பிள்ளை, பனவடலி என்று வாய் தானாகப் பிரித்துக்கொள்ளும். குருத்தோலை எடுக்கும்போது ஒரு பனையில் வரிசையாக எல்லாக் குருத்தையும் உருவக் கூடாது. பனையை வெட்டுவதற்கு மாவட்ட ஆட்சியரின் அனுமதி கட்டாயமாக்கப்படும் என்று 2021ஆம் ஆண்டு வேளாண் நிதிநிலை அறிக்கையில் அரசு அறிவித்தது. இடைஞ்சலாக நிற்கிறது என்று வடலிமேல் கைவைக்குமுன் அதையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

மரத்தின் சாயலில் நாம் அமைத்துக்கொண்ட வேறு உருவங்களும் உண்டு. இந்தச் சீமையில் சில சமூகங்களில் பெண் பார்க்கும் முன் 'என்ன கொத்து, என்ன கிளை' என்று கேட்பார்கள். ஒரே கிளையில் கொள்வினை கொடுப்பினை கிடையாது. உறவினருக்குக் கிளைஞர் என்ற பழஞ்சொல் இருக்கிறது. ஆனால் வம்சத்தை வரைந்து காட்டும் படத்துக்கு மரம் என்ற பெயரைத் தமிழ் தரவில்லை. கொடிவழி என்றது. மணமக்களை ஆல்போல் தழைத்து அருகுபோல் வேரோடச் சொல்கிறது, வாழையடி வாழையாக வாழச் சொல்கிறது. அருகும் புல், வாழையும் மரமல்ல. எங்கள் வீட்டுப் பட்டாலையில் தொங்கும் கொடிவழிப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும். வரைந்தவர் வெளியூர் ஓவியர், அழகான ஆலமரம் ஒன்றை வரைந்து கிளைகளில் பெயர் எழுதிவிட்டார். யாரும் மறுக்கவில்லை.

ஆறாம் படி: சுவரில் முளைத்த ஆல்

ஆல் என்றதும் நினைவு வருகிறது. பூட்டிய வீடுகளின் மதிலிலும் முகப்பிலும் ஆலும் அரசும் முளைப்பதைச் செட்டிநாட்டில் எந்த ஊரிலும் பார்க்கலாம். பழம் தின்ற பறவை எச்சமிட்ட இடத்தில், சுண்ணாம்புக்காரையின் கீறலுக்குள் விதை இறங்கிவிடும். இரண்டு இலை விட்டபோதே விரலால் வேரோடு பிடுங்குங்கள். கோடைமழைக்குப் பின் ஒருமுறை, கார்த்திகைக்குப் பின் ஒருமுறை மாடியைச் சுற்றி வந்தால் போதும். விரல் கனத்துக்கு மேல் போய்விட்டால் இழுக்காதீர்கள், வேரோடு காரையும் செங்கல்லும் வந்துவிடும். மேலே அறுத்துவிட்டு, துளிர்க்கத் துளிர்க்கக் கிள்ளிக்கொண்டே இருந்தால் வேர் பட்டினியில் இளைக்கும். அதன்பின் கொத்தனாரை வைத்து அந்த இடத்தைத் திறந்து, வேரை எடுத்து, சுண்ணாம்பாலேயே மூடுங்கள். சிமெண்ட் வைத்தால் பழைய காரையோடு ஒட்டாமல் மறுபடி கீறல் விடும், அங்கேயே அடுத்த ஆல் முளைக்கும்.

ஏழாம் படி: எதை நடுவது

ஊர்ப்பெயரைக் கேளுங்கள், அது சொல்லும். காரைக்குடிக்குப் பெயர் தந்தது காரை என்கிற முட்செடி என்பார்கள். நகரத்தாரின் குலக்கோயில்களான நகரக்கோயில்கள் ஒன்பதில் மூன்றின் ஊர்ப்பெயரில் செடிகொடி நிற்கிறது: இலுப்பைக்குடி, சூரைக்குடி, வேலங்குடி. பிள்ளையார்பட்டியின் பழம்பெயர்களில் ஒன்று மருதங்குடி, அங்கே தலமரமும் மருதம்தான். இவை எல்லாம் இந்தச் செம்மண்ணையும் வெயிலையும் பார்த்துப் பழகியவை. தோட்டத்தில் இடமிருந்தால் ஓர் இலுப்பை நடுங்கள். கோயில் விளக்கெரிந்த எண்ணெய் அதன் கொட்டையிலிருந்து வந்தது. மருதத்துக்கு ஈரம் வேண்டும், ஊருணிப் பக்கம் வையுங்கள். காரை வேலிக்கு நல்லது, மஞ்சள் பழம் பிள்ளைகளுக்கு.

குழியை ஆடியிலேயே எடுத்துவிடுங்கள், மூன்றடி நீளம், அகலம், ஆழம். இரண்டடிக்குக் கீழே செம்பூரான் கல் தட்டினால் கடப்பாறையால் உடைத்தே ஆக வேண்டும். உடைக்காமல் விட்டால் வேர் சட்டிக்குள் இருப்பதுபோலச் சுற்றிச்சுற்றி வரும். குழியின் பக்கங்கள் மழமழவென்று இருந்தால் கீறிவிடுங்கள். வெயிலில் ஆறப்போட்டு, மேல்மண்ணும் மக்கிய சாணியெருவும் கலந்து நிரப்பி, புரட்டாசிக் கடைசியில் முதல் மழை இறங்கியதும் நடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் கன்று வேர்பிடித்துவிடும். நர்சரிப் பையைக் கிழிக்காமல் நட்ட கன்றுகளை நான் பார்த்திருக்கிறேன். பையைக் கிழித்து, அடியில் சுருண்ட வேரைக் கத்தரித்து, தூர் விரியும் இடம் தரைமட்டத்துக்கு மேல் தெரியும்படி நடுங்கள். ஆட்டுக்குப் பயந்து வைக்கும் முள்ளுக்கு மட்டும் சீமைக்கருவேலைப் பயன்படுத்தலாம், அதற்காவது அது உதவட்டும்.

சென்ற தையில் அதே பெரியவரைத் திரும்ப அழைத்தேன். "அண்ணே, தெற்கு முண்டத்தில் ஓட்டுக்கு மேலே சாய்கிற போத்து ஒன்று. அதை மட்டும் மடிப்பை விட்டு அரிந்துவிடுங்கள். பக்கத்தில் காய்ந்த குச்சுகளை ஒடித்துவிடலாம். கவையைத் தொட வேண்டாம்" என்றேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு, "ஏணி உங்கள் வீட்டில் இருக்கிறதா, நான் கொண்டுவர வேண்டுமா?" என்றார்.